விளைந்ததா? பழுத்ததா?

(பரிசளிப்பு விழாவில் நிகழ்த்திய உரை)



பரிசளிப்பு விழா என்றால் பேச வருகிறவர் கல்வியின் சிறப்பைப் பற்றிப் பேசுவார். அதைச் சிறப்பாகச் சொல்ல இங்கே ஆசிரியப் பெருமக்கள் இருக்கிறார்கள். நான் பழத்தைப் பற்றிப் பேசலாம் என்று வந்திருக்கிறேன். நல்ல பழத்தை எப்படிப் பார்த்து வாங்குவது என்பதுதான் என் பேச்சு. சிலர் சிரிக்கிறீர்கள். சிரியுங்கள்! ஆனால் சம்பளம் வாங்கிய அன்று பாசார் மாலாமுக்குப் போய், பிள்ளைகளுக்கென்று ஒரு பையில் பழம் வாங்கி வந்து, வீட்டில் வெட்டிப் பார்த்தால் பாதி புளிப்பு, பாதி அழுகல் என்றால் யாருக்கும் சிரிப்பு வராது. போனது நம் உழைப்பின் காசு அல்லவா?

நம் மொழியே சொல்லித் தரும் பாடம்

முதலில் ஒன்றைக் கவனியுங்கள். ஒரே பழத்துக்கு அதன் வயதுக்கேற்ப எத்தனை பெயர் வைத்திருக்கிறோம்! பிஞ்சு என்கிறோம். பிறகு காய். பிறகு முற்றல், அதாவது விளைந்த காய். கொஞ்சம் நிறம் மாறினால் செங்காய். பிறகு பழம். அதையும் தாண்டிக் குழைந்து போனால் அளிந்த பழம். இந்த வரிசையில் சேராத இன்னொரு சொல்லும் உண்டு. அதுதான் வெம்பல். விளையாமலே பழுத்தது வெம்பல். பார்க்கப் பழம் மாதிரி இருக்கும். வாயில் போட்டால் ருசி இருக்காது.

இதில்தான் விஷயமே இருக்கிறது. விளைவது வேறு, பழுப்பது வேறு. விளைவது மரத்தில் நடக்கும் வேலை. வேர் உறிஞ்சிய தண்ணீரும் இலை வெயிலில் சமைத்த உணவும் காம்பு வழியாகக் காய்க்குள் போய்ச் சேர வேண்டும். அதற்கு நாள் கணக்கு உண்டு, அவசரப்படுத்த முடியாது. பழுப்பது அதற்குப் பிறகு நடப்பது. காய் மிருதுவாகும், நிறம் மாறும், வாசனை வரும். இதை அவசரப்படுத்த முடியும். வியாபாரி அவசரப்படுத்துவதும் இதைத்தான். நாம் ஏமாறுவதும் இங்கேதான்.

பால்மரத்துக்குப் பூசிய மருந்து

காயைப் பழுக்க வைப்பது எது? எத்திலீன் என்ற ஒரு வாயு. கண்ணுக்குத் தெரியாது. பழமே தனக்குள் இதை உண்டாக்கிக் கொள்கிறது. 1901-இல் ரஷ்யாவில் நெல்யூபோவ் என்ற ஆராய்ச்சியாளர், விளக்கு எரிக்கும் வாயுவில் கலந்திருந்த எத்திலீன் பட்டாணி நாற்றின் வளர்ச்சியையே மாற்றிவிடுகிறது என்று கண்டுபிடித்தார். 1934-இல் இங்கிலாந்தில் கேன் என்பவர், பழுக்கும் ஆப்பிள் பழமே இந்த வாயுவை வெளியிடுகிறது என்று நிரூபித்தார்.

இது ஏதோ வெள்ளைக்காரர் ஆய்வுக்கூடத்துச் சமாசாரம் என்று நினைக்க வேண்டாம். பால் வெட்டிய பெரியவர்கள் இங்கே பலர் இருக்கிறீர்கள். வெட்டுப் பட்டையில் எத்ரெல் என்ற மருந்தைப் பூசினால் பால் சீக்கிரம் நிற்காமல் அதிக நேரம் வடியும், மங்கு நிறையும் என்பது உங்களுக்குத் தெரியும். அந்த மருந்து மரத்துக்குள் போய் வெளிவிடும் வாயு எது தெரியுமா? இதே எத்திலீன்தான்! பால்மரத்தில் பாலை நிற்காமல் ஓட வைப்பதும், வாழைத்தாரை மஞ்சளாக்குவதும் ஒரே வாயு.

அந்தக் காலத்தில் நம் பாட்டன்மார் வாழைத்தாரைக் குழியில் இறக்கிப் புகை மூட்டம் போட்டார்கள். அந்தப் புகையிலும் எத்திலீன் உண்டு. மாங்காயை வைக்கோலில் புதைத்தார்கள். ஒரு காய் விடும் வாயு வெளியே போகாமல் அடுத்த காயையும் பழுக்க வைக்கும். பெயர் தெரியாவிட்டாலும் தொழில் தெரிந்தவர்கள் அவர்கள்.

ஆனால் ஒன்றை மறக்கக் கூடாது. இந்த வாயு, விளைந்த காயைத்தான் நல்ல பழமாக்கும். விளையாத காயின் தோலை மஞ்சளாக்கும், சதையைக் கொஞ்சம் மெதுவாக்கும். மரம் கொடுக்காத இனிப்பை அதனால் கொடுக்க முடியாது.

இரண்டு இனம், நடுவில் ஒன்று

பழங்களில் இரண்டு இனம் உண்டு. பறித்த பிறகும் பழுப்பவை ஓர் இனம். வாழை, மா, பலா, டுரியான், மங்குஸ்தான், கொய்யா, ஆப்பிள், பிளம்ஸ் எல்லாம் இந்த இனம். பறித்த நிமிடத்தோடு இனிப்பு நின்றுவிடுபவை இன்னோர் இனம். ரம்புத்தான், அன்னாசி, தர்ப்பூசணி, ஆரஞ்சு, எலுமிச்சை, திராட்சை எல்லாம் இதில் அடங்கும். புளிக்கிற ரம்புத்தானை ஒரு வாரம் வைத்திருந்தாலும் அது இனிக்காது, வாடத்தான் செய்யும். புளிக்கும் அன்னாசியை அரிசிப் பானைக்குள் வைத்தாலும் நிறம் மாறலாம், இனிப்பு ஏறாது.

நடுவில் நிற்பது பப்பாளி. வாழைக்காயிலும் மாங்காயிலும் மாவுச்சத்து இருக்கிறது. பழுக்கும்போது அது சர்க்கரையாக மாறும். பப்பாளிக்காயில் அந்த மாவுச்சத்து மிகக் குறைவு. அதனால் முழுப் பச்சையாகப் பறித்தால், பிறகு அது மஞ்சளாகும், மெதுவாகும், ஆனால் பெரிதாக இனிக்காது. இந்த ஒரு வித்தியாசம் தெரிந்திருந்தால் பாதி ஏமாற்றத்தைத் தவிர்க்கலாம்.

பழம் பழமாகப் பார்ப்போம்

வாழை: சீப்பிலுள்ள காயின் விலாப் பட்டைகளைப் பாருங்கள். பட்டை கூர்மையாக இருந்தால் அது விளையாதது. மழுங்கி உருண்டிருந்தால் விளைந்தது. பீசாங் மாஸ், ரஸ்தாளி போன்றவற்றுக்கு இந்தக் கணக்குச் சரி. பொரிக்க வாங்கும் பீசாங் தாண்டோக் மட்டும் முற்றிய பிறகும் பட்டையாகவே இருக்கும். ரஸ்தாளி என்ற நம் பெயரையே மலாய்க்காரர்களும் வழங்குகிறார்கள் என்பது ஒரு மகிழ்ச்சி! வாழைப்பழத்தைக் குளிர்பெட்டியில் வைக்காதீர்கள். தோல் கறுத்துவிடும்.

மா: பச்சை மாங்காய் முற்றியதா என்று அறிய ஒரு வாளித் தண்ணீர் போதும். முற்றியது மூழ்கும், முற்றாதது மிதக்கும். காம்பைச் சுற்றித் தோள் பகுதி உயர்ந்து புடைத்திருந்தாலும் முற்றியது என்று பொருள். நிறத்தை மட்டும் நம்பினால் ஏமாறுவோம். பெர்லிஸ் மாநிலத்துக்குப் புகழ் தந்த ஹாருமானிஸ் மாம்பழம் நன்றாகப் பழுத்த பிறகும் தோல் பச்சையாகவே இருக்கும். அதை மூக்கால்தான் கண்டுபிடிக்க வேண்டும்.

பப்பாளி: அடிப்பக்கத்தில் ஒரு மஞ்சள் கோடாவது ஓடியிருக்க வேண்டும். ஒரு கோடும் இல்லாததை வாங்கினால் அது கறிக்குத்தான் ஆகும். நம் நாட்டு மார்டி ஆராய்ச்சி நிலையம் 1987-இல் வெளியிட்ட எக்சோத்திகா பப்பாளிக்கும் இதே விதிதான்.

டுரியான்: தாய்லாந்தில் இதை மரத்திலிருந்து வெட்டி இறக்குவார்கள். நம் நாட்டில் தானாக விழும்வரை காத்திருப்பது வழக்கம். அதனால் நம் டுரியான் மரத்திலேயே விளைந்து பழுத்தது; ஆனால் அதிக நாள் தாங்காது. காம்பைப் பாருங்கள். ஈரமாக, பசுமையாக இருந்தால் புதிதாக விழுந்தது. காய்ந்து சுருங்கியிருந்தால் விழுந்து நாளாகிவிட்டது. காதருகே வைத்து மெதுவாக ஆட்டுங்கள். உள்ளே சுளை லேசாக அசையும் சத்தம் கேட்டால் பழுத்திருக்கிறது. முள்ளுக்கு நடுவே புழுத் துளை இருக்கிறதா என்று சுற்றிலும் பாருங்கள். கனமாக இருந்தால் நல்ல பழம் என்று எண்ண வேண்டாம். கொட்டை பெருத்திருந்தாலும் கனக்கும். தொடர்ந்து மழை பெய்த நாளில் விழுந்தது தண்ணீர்ச் சதையாக இருக்கலாம். கடைக்காரர் சிறிதாக ஒரு துண்டு வெட்டிக் காட்டுவது நம் ஊர் வழக்கம். கேட்க வெட்கப்படாதீர்கள்.

மங்குஸ்தான்: கருஞ்சிவப்பாக இருக்க வேண்டும். விரலால் அழுத்தினால் ஓடு சிறிது உள்வாங்க வேண்டும். கல்லாக இருந்தால் கீழே விழுந்து அடிபட்டதாகவோ பழையதாகவோ இருக்கும். ஓட்டின் மேல் மஞ்சள் பிசின் வழிந்திருந்தால் உள்ளேயும் கசப்பு இறங்கியிருக்கலாம். பிள்ளைகளே, உங்களுக்கு ஒரு விளையாட்டு! மங்குஸ்தானின் அடியில் சின்னப் பூ மாதிரி ஒரு முத்திரை இருக்கும். அதில் எத்தனை இதழ் இருக்கிறதோ, உள்ளே அத்தனை சுளை இருக்கும். திறக்கும் முன்பே எண்ணிச் சொல்லி, அப்பா அம்மாவை அசத்துங்கள்.

ரம்புத்தான்: மயிரைப் பாருங்கள். பசுமையாக விறைத்து நின்றால் புதிது. நுனி கருகிச் சுருண்டிருந்தால் பறித்து இரண்டு மூன்று நாள் ஆகியிருக்கும்.

அன்னாசி: ஜொகூர் மாநிலத்துக்குப் பெயர் வாங்கித் தந்த பழம். இது அடியிலிருந்து மேல் நோக்கிப் பழுக்கும். அதனால் அடிப்பகுதியை முகர்ந்து பாருங்கள். வாசனை இல்லையென்றால் பழுக்கவில்லை. புளித்த கள் வாடை வந்தால் எல்லை தாண்டிவிட்டது. கண்கள் அகன்று தட்டையாக இருப்பது நல்லது. அறுத்தால் அடிப்பகுதிதான் அதிகம் இனிக்கும்.

தர்ப்பூசணி: புரட்டிப் பாருங்கள். தரையில் கிடந்த பக்கம் வெண்ணெய் நிறத்தில் மஞ்சளாக இருந்தால் கொடியிலேயே விளைந்தது. வெளுத்திருந்தால் முன்கூட்டியே அறுத்துவிட்டார்கள்.

ஆரஞ்சு: நம் நாட்டு லீமாவ் மாடு தோல் பச்சையாக இருப்பதால் பிள்ளைகள் வேண்டாம் என்கிறார்கள். குளிர்ந்த இரவுகள் உள்ள நாட்டில்தான் ஆரஞ்சின் பச்சை முழுதாக மறையும். நம் ஊர் இரவு வெப்பமானது. அதனால் தோல் பச்சையாக இருந்தாலும் உள்ளே பழம் பழம்தான். கையில் எடுத்துப் பாருங்கள். அளவுக்கு மேல் கனமாக இருந்தால் சாறு நிறைய இருக்கும்.

பிளம்ஸ்: கப்பலேறி வரும் விருந்தாளி. ஆஸ்திரேலியா போன்ற தென்பாதி நாடுகளின் பழம் வருடத் தொடக்கத்திலும், அமெரிக்காவின் கலிபோர்னியாப் பழம் வருட நடுவிலும் விளையும். நீங்கள் பள்ளிக்கூட வாசலில் வாங்கித் தின்னும் ஆசாம் போய் இருக்கிறதே, அது இந்தப் பிளம்ஸின் நெருங்கிய சொந்தக்காரப் பழத்தை உப்பிலிட்டுக் காய வைத்தது. பிளம்ஸின் நிறத்தைப் பார்த்து முடிவு செய்யாதீர்கள். பழுத்தும் மஞ்சளாகவே, பச்சையாகவே இருக்கும் வகைகள் உண்டு. காயாக இருக்கும்போதே கறுத்துவிடும் வகைகளும் உண்டு. தோலின் மேல் திருநீறு பூசியது போல வெள்ளைப் பூச்சு இருந்தால் மகிழ்ச்சி அடையுங்கள். அது மருந்து அல்ல. பழமே பூசிக்கொண்ட மெழுகு. அது கலையாமல் இருந்தால் அதிகம் கைபடாத பழம் என்று பொருள். காம்புக்கு எதிர்ப்பக்கத்து நுனியை விரல் நுனியால் மெதுவாகத் தொட்டுப் பாருங்கள். சிறிது இளகினால் இன்று சாப்பிடலாம். கெட்டியாக இருந்தால் இரண்டு நாள் வெளியே வைத்துப் பழுத்த பிறகு குளிர்பெட்டியில் வையுங்கள். காயாகவே குளிர்பெட்டியில் பல நாள் கிடந்தால் சதை மாவு மாதிரி ஆகிவிடும். காம்பருகே தோல் சுருங்கியிருந்தால் அது நாளான பழம்.

எந்தப் பழமானாலும் கட்டை விரலால் அழுத்திக் கன்ற வைத்துவிட்டு, வாங்காமல் போகக் கூடாது. கடைக்காரரும் நம்மைப் போல உழைத்துப் பிழைப்பவர்தான்.

கார்பைட் வேண்டாம்

அந்த நாளில் விடியற்காலையில் பால் வெட்டப் போனவர்கள் நெற்றியில் கார்பைட் விளக்குக் கட்டிப் போவார்கள். அந்தக் கார்பைட் கல்லில் ஈரம் பட்டால் அசிட்டிலீன் என்ற வாயு வரும். எத்திலீனுக்கு ஒன்றுவிட்ட தம்பி மாதிரி. அதனால் சிலர் இந்தக் கல்லைப் பொட்டலம் கட்டிப் பழக்கூடைக்குள் வைத்தார்கள். தொழிற்சாலைக் கார்பைட்டில் ஆர்செனிக் என்ற நஞ்சும் பாஸ்பரஸும் சிறிதளவு கலந்திருக்கும். இந்தியாவில் 2011-ஆம் ஆண்டின் உணவுப் பாதுகாப்பு விதிகளின்படி கார்பைட்டால் பழுக்க வைத்த பழத்தை விற்பது தடை.

வெளியே ஒரே சீராகப் பளிச்சென்று மஞ்சளாக இருந்து, வாசனையே இல்லாமல், அறுத்தால் உள்ளே வெள்ளையாகக் கெட்டியாக இருந்தால், அது வலுக்கட்டாயமாகப் பழுக்க வைத்த காய் என்று சந்தேகப்படுங்கள். எந்தப் பழத்தையும் ஓடும் தண்ணீரில் நன்றாகத் தேய்த்துக் கழுவுங்கள். பிள்ளைகளே, பண்டிகைக் காலத்தில் கார்பைட் போட்டு மூங்கில் வெடி வெடிக்கும் விளையாட்டுப் பக்கமே போகாதீர்கள். விரலும் கண்ணும் போனால் திரும்ப வராது.

விற்பவர்களுக்கும் ஒரு வார்த்தை

வீட்டுக்குப் பின்னால் நாலு பப்பாளி, ரெண்டு வாழை வைத்திருப்பவர்கள் இங்கே இருக்கிறீர்கள். லாரி நாளைக்கு வருகிறது, இன்றைக்கே வெட்டிக் கொடு என்று வியாபாரி அவசரப்படுத்துவார். கோடு விழாத பப்பாளியையும் பட்டை மழுங்காத தாரையும் வெட்டினால் முதலில் எடையில் நஷ்டம். அடுத்து, ரெண்டாந்தரம் என்று சொல்லி விலையையும் குறைப்பார்கள். தின்றவன் நம் பழத்தைத் திரும்ப வாங்கவும் மாட்டான்.

1965-இல் தொடங்கிய ஃபாமா என்ற அரசாங்க வேளாண் சந்தை வாரியம் பழங்களுக்குத் தரப் பிரிவும் முற்றிய அளவைக் காட்டும் படங்களும் வைத்திருக்கிறது. தரம் பிரித்து, பெட்டியில் அடைத்து, விவரம் ஒட்டி விற்பதற்கான விதிமுறை 2008-இல் வந்தது. அந்தப் படத்தைக் கையில் வைத்துக்கொண்டு பேசினால், "இது எந்தத் தரம், சொல்லுங்க முதலாளி" என்று நாமே கேட்கலாம். விவரம் தெரிந்தவனிடம் யாரும் சும்மா விலை குறைக்க மாட்டார்கள்.

மாணவர்களுக்கு ஒரு சோதனை

ஒரே சீப்பிலிருந்து நாலு பச்சை வாழைக்காய் எடுத்துக்கொள்ளுங்கள். ரெண்டை மேசை மேல் வையுங்கள். ரெண்டை ஒரு பழுத்த ஆப்பிளோடு காகிதப் பையில் போட்டு மடித்து வையுங்கள். தினமும் நிறத்தைக் குறித்து வாருங்கள். எது முதலில் பழுக்கிறது, ஏன் என்று அறிவியல் ஆசிரியரிடம் எழுதிக் காட்டுங்கள். அடுத்த முறை, பட்டை கூர்மையாக உள்ள பிஞ்சுக் காயையும் சேர்த்துச் செய்யுங்கள். அது மஞ்சளாகிறதா, இனிக்கிறதா என்று தின்று பாருங்கள். நான் இவ்வளவு நேரம் பேசியது ஒரு கடியில் புரிந்துவிடும்.

முடிவாக

ஆறாம் ஆண்டுப் பிள்ளைகள் எழுதிய யூ.பி.எஸ்.ஆர். தேர்வு 2021-இல் நீக்கப்பட்டது. "பரீட்சையே இல்லையே, இனிமேல் எதை வைத்துப் பிள்ளை படிக்கிறானா என்று பார்ப்பது?" என்று சில பெற்றோர் கேட்கிறார்கள். நியாயமான கேள்வி. பழத்தில் பார்த்ததைத்தான் இங்கேயும் சொல்கிறேன். தோல் நிறம் போன பிறகு, விளைச்சலைப் பாருங்கள். பத்திரிகையில் ஒரு செய்தியைப் படிக்கச் சொல்லுங்கள். படித்ததைத் தன் சொந்த வார்த்தையில் சொல்கிறானா? கடைக்கு அனுப்பினால் மீதிக் காசைச் சரியாக எண்ணிக் கொண்டு வருகிறாளா? தெரியாததைத் தெரியாது என்று சொல்லி, ஏன் என்று கேட்கிறார்களா? இந்த மூன்றும் இருந்தால் பிள்ளை விளைந்து கொண்டிருக்கிறது.

நாலு வயதிலேயே எல்லாம் தெரிய வேண்டும், பக்கத்து வீட்டுப் பிள்ளைக்கு முன்னால் பழுத்துவிட வேண்டும் என்று புகை போடாதீர்கள். "பிஞ்சிலே பழுத்தது" என்று நம் பெரியோர்கள் யாரையும் புகழ்ந்து சொன்னதில்லை. தூக்கம், விளையாட்டு, வீட்டில் நல்ல தமிழ்ப் பேச்சு, இரவில் ஒரு பக்கம் வாசிப்பு ஆகியவையெல்லாம் காம்பு வழியாக உள்ளே போகும் சத்து. அதை மரம்தான் கொடுக்க வேண்டும். அந்த மரம் நாம்தான்.

இன்று மேடையேறிப் பரிசு பெறும் பிள்ளைகளை மனமார வாழ்த்துகிறேன். கீழே உட்கார்ந்து கைதட்டும் பிள்ளைகளையும் அதே மனத்தோடு வாழ்த்துகிறேன். ஒரே மரத்தில் எல்லாக் காயும் ஒரே நாளில் விளைவதில்லை. நாள் வரும். அதுவரை காம்பை விட்டுவிடாதீர்கள்!